ஏரி கடலுக்கு மேலே தொங்குகிறதா? ஃபாரோ தீவுகளை எங்கிருந்து பார்ப்பது

"அண்ணா, மூணு நாள்தான் லீவு. அந்தத் தொங்குற ஏரியைப் பார்த்தே ஆகணும். மத்ததுக்கு ஒரே ஒரு டிக்கெட்தான் எடுக்க முடியும். படகா, ஹெலிகாப்டரா, ஒண்ணு சொல்லுங்க."

நெதர்லாந்தில் வேலை பார்க்கும் சித்தி மகன் போனில் இப்படிக் கேட்டான். நான் கோபன்ஹேகனில் இருப்பவன், ஃபாரோவுக்கு இரண்டு தடவை போய் வந்தவன், ஆகவே சட்டென்று பதில் வரும் என்று எதிர்பார்த்தான். எனக்கு வரவில்லை. முதல் தடவை போனபோது பெரும்பாலும் மலை மேலிருந்து பார்த்தேன். இரண்டாம் தடவை பெரும்பாலும் தண்ணீரிலிருந்து. இரண்டும் ஒரே ஊர் என்று நம்புவதற்கே எனக்குக் கொஞ்ச நாள் ஆனது. அதை வாட்ஸ்அப்பில் அடித்து அனுப்ப முடியாமல்தான் இதை உட்கார்ந்து எழுதுகிறேன்.

இடத்தைப் பற்றி ஒரு வார்த்தை. வட அட்லாண்டிக்கில், ஐஸ்லாந்துக்கும் நார்வேக்கும் ஸ்காட்லாந்துக்கும் நடுவே 18 தீவுகள். டென்மார்க் அரசின் கீழ், 1948 முதல் தன்னாட்சி. மொத்தப் பரப்பு 1,399 சதுர கிலோமீட்டர், அதாவது மூன்று சென்னை மாநகராட்சிக்குக் கொஞ்சம் கூடுதல். ஜனம் ஐம்பத்து நாலாயிரம் சொச்சம். ஆட்களைவிட ஆடுகள் அதிகம், செம்மறி ஆடுகள். தீவுகளின் பெயருக்கே "ஆட்டுத் தீவுகள்" என்றுதான் பொருள் சொல்கிறார்கள். எந்த இடத்தில் நின்றாலும் கடல் 5 கிலோமீட்டருக்குள் இருக்கும்.

இதில் நாம் பேசப்போகும் விஷயத்துக்கு முக்கியமானது வேறொன்று. அங்கே மரம் கிடையாது. ஊருக்குள் வேலி போட்டு வளர்த்த சில தோப்புகளை விட்டால், மலை முழுக்கப் புல்தான். மரம் இல்லாத நிலத்தில் கண்ணுக்கு அளவுகோல் இல்லை. நம் ஊரில் ஒரு குன்றைப் பார்த்தால், அடிவாரத்துப் பனைமரத்தை வைத்து மனசு தானாகவே உயரத்தைக் கணக்குப் போட்டுவிடும். அங்கே நீங்கள் பார்ப்பது 50 மீட்டர் மேடா, 500 மீட்டர் மலையா என்று முதல் நாள் முழுக்கத் தெரியாது. மழை நின்ற பிறகு காற்று கழுவிவிட்ட மாதிரி ஆகிவிடும். அப்போது எட்டத்துத் தீவுகூட நீந்திப் போய்விடலாம் போலப் பக்கத்தில் தெரியும். எங்கிருந்து பார்க்கிறோம் என்பது எல்லா ஊரிலும் முக்கியம்தான். இங்கே அது எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது.

முதலில் அந்த ஏரி. அவன் கேட்டது அதைத்தான், உலகமே கேட்பதும் அதைத்தான்.

விமான நிலையம் இருக்கும் வாகர் தீவில்தான் அந்த ஏரி, நாட்டிலேயே பெரியது, 3.4 சதுர கிலோமீட்டர். படத்தில் பார்த்திருப்பீர்கள்: செங்குத்தான பாறைச் சுவர், அடியில் கொந்தளிக்கும் கடல், சுவரின் உச்சியில் தட்டில் ஊற்றிய பால் மாதிரி ஒரு ஏரி. கடலுக்கு முந்நூறு நானூறு மீட்டர் மேலே தொங்குவதாகத் தோன்றும். உண்மையில் ஏரியின் நீர்மட்டம் கடலைவிட முப்பது சொச்சம் மீட்டர்தான் உயரம். பத்து மாடிக் கட்டடம், அவ்வளவே.

படம் பொய்யா என்று தம்பி கேட்டான். பொய்யில்லை. அந்தப் படங்களில் பலவற்றில் எந்தக் கைவேலையும் இல்லை. த்ரேலாநீபா என்ற பாறை முனையில் நின்று திரும்பிப் பார்த்தால் வெறும் கண்ணுக்கே அப்படித்தான் தெரிகிறது. அந்த முனை கடலிலிருந்து 142 மீட்டர் உயரம். ஒரு சின்னக் கணக்குப் போடுவோம். ஏரியின் நீர் உங்கள் கண்ணுக்குச் சுமார் 110 மீட்டர் கீழே இருக்கிறது. ஆனால் ஏரி சுமார் 6 கிலோமீட்டர் நீளம். அதன் மறுகோடியைப் பார்க்க நீங்கள் தலையைக் குனிய வேண்டியதே இல்லை, அடிவானத்துக்கு ஒரு டிகிரி கீழே பார்த்தால் போதும். கடலோ காலடியில் இருக்கிறது. 200 மீட்டர் தள்ளி உடைகிற அலையைப் பார்க்க 35 டிகிரி குனிய வேண்டும். இரண்டு தண்ணீருக்கும் நடுவே கண் உணரும் இடைவெளி 34 டிகிரி. மனசு அந்த இடைவெளியை அப்படியே உயரம் என்று எடுத்துக்கொள்கிறது. தூரத்தில் இருப்பது படத்தில் மேலே ஏறும், பக்கத்தில் இருப்பது கீழே இறங்கும் என்ற சாதாரண விதிதான். இங்கே குறுக்கே ஒரு பாறைச் சுவர் நின்றுகொண்டு, தூரத்தை உயரமாக வேஷம் கட்டிவிடுகிறது. செல்போனில் அகலக்கோண லென்ஸை வைத்தால் வேஷம் இன்னும் கச்சிதம்.

மித்வாகூர் என்ற ஊரிலிருந்து ஏரிக் கரையோரமாகவே அங்கே நடக்க வேண்டும், போக ஒரு மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். நிலத்துக்காரர்கள் நடைக்குக் கட்டணம் வாங்குகிறார்கள், கொஞ்சம் அதிகம் என்றுதான் எனக்குப் பட்டது. வேடிக்கை என்னவென்றால், நடக்கும் வழியெல்லாம் அந்த ஏரி வெறும் ஏரி. கோடைக்கானலில் பார்த்த மாதிரி அடக்கமாக, பக்கத்தில் புல், புல்லில் ஆடு. கடைசி ஏற்றத்தில் ஒரு இருபது அடி ஏறுவதற்குள் அது எழுந்து வானத்துக்குப் போய்விடுகிறது. நான் அந்த இருபது அடியை மூன்று தடவை ஏறி இறங்கினேன். பக்கத்தில் ஒரு வயதான ஜெர்மன் தம்பதி சாண்ட்விச் சாப்பிட்டபடி என்னைக் கவலையோடு பார்த்தார்கள்.

அதோடு திரும்பிவிடாதீர்கள். பெரும்பாலோர் படம் எடுத்ததும் திரும்பிவிடுகிறார்கள். ஏரி கடலில் விழும் இடத்துக்கு இறங்கினால் போஸ்டலாஃபோஸூர் என்ற அருவி, சுமார் 30 மீட்டர். ஏரி எவ்வளவு உயரத்தில் இருக்கிறதோ அவ்வளவுதான் அருவியும் இருக்க முடியும். அங்கே நின்றால் ஒரு பக்கம் ஏரி, மறுபக்கம் கடல், நடுவே ஒரு சின்ன உதடு. குளிர்காலப் புயலில் கடல் நீர் ஏரிக்குள் தெறித்தால்கூட நம்பிவிடலாம். மேலே கண்ட மாயம் இங்கே தரையில் கிடக்கிறது. இரண்டையும் பார்த்தவனுக்குத்தான் அந்த இடம் முழுசாகக் கிடைக்கிறது என்பது என் கட்சி.

ஏரியின் பெயரிலும் இதே கதைதான். மேற்கே சோர்வாகூர்க்காரர்களுக்கு அது சோர்வாக்ஸ்வாட்ன், "சோர்வாகூர் ஏரி". கிழக்குக் கரைக்காரர்கள் லைட்டிஸ்வாட்ன் என்பார்கள். எது சரி என்று பழைய வழக்கு ஓடிக்கொண்டே இருக்கிறது. சண்டை வேண்டாம் என்று நினைப்பவர்கள் வெறுமனே "ஏரி" என்று சொல்லி நகர்ந்துவிடுகிறார்கள். நம் ஊரில் ஒரே கண்மாய்க்கு இரண்டு கிராமம் இரண்டு பெயர் வைத்திருப்பதைப் பார்த்தவர்களுக்கு இது புதிதில்லை.

மலை மேலிருந்து பார்ப்பதில் ஒரு குறை உண்டு, அங்கே நிற்கும்போது அது தெரியாது. நீங்கள் நிற்கும் பாறையை உங்களால் பார்க்க முடியாது. பச்சைப் புல் சரிவாக வந்து, சட்டென்று முடிகிறது, அப்புறம் கடல். சுவரின் மேல் நிற்பவனுக்குச் சுவர் தெரியாதல்லவா. பக்கத்து முனையைப் பார்த்து "நாமும் இப்படித்தான் நிற்கிறோம் போல" என்று ஊகிக்க வேண்டியதுதான். அதனால் பயமும் தப்பான இடத்தில் வருகிறது. பார்க்கப் பயங்கரமாக இருக்கும் முனையில் எல்லோரும் தவழ்கிறார்கள், மெத்தென்று இருக்கும் ஈரப்புல் சரிவில் அலட்சியமாக நடக்கிறார்கள். வழுக்குவது அந்தப் புல்லில்தான்.

இனி படகு. ஸ்ட்ரேமோய் தீவின் வெஸ்ட்மன்னா என்ற ஊரிலிருந்து பறவைப் பாறைகளுக்குப் படகு போகிறது, போய்வர ஏறக்குறைய இரண்டு மணி நேரம். துறைமுகத்தை விட்டு வெளியே வந்ததும் நாடு மறைந்துவிடும். ஊர், சாலை, வயல், தேவாலயம் எதுவும் இல்லை. சுவர் மட்டும்தான். கறுத்த சுவர், அதில் கிடைக்கோடுகள். இந்தத் தீவுகள் ஐந்தரைக் கோடி ஆண்டுகளுக்கு முன் எரிமலைக் குழம்பு ஒன்றின்மேல் ஒன்றாக வழிந்து இறுகியவை. ஒவ்வொரு வழிசலுக்கும் நடுவே மெல்லிய, செம்பழுப்பான சாம்பல் அடுக்கு. சாம்பல் சீக்கிரம் கரைகிறது, எரிமலைப் பாறை நிற்கிறது, ஆகவே படிக்கட்டு. மேலே நடந்தபோது கால் வலித்த அந்தப் படிகள் எதற்கு என்று எனக்குப் புரியவில்லை. தண்ணீரிலிருந்து பார்த்ததும் லட்டுக் கடையில் அடுக்கிய மைசூர்பாகு மாதிரி ஒவ்வொரு அடுக்கும் தனித்தனியாகத் தெரிந்தது.

ஆனால் உயரம் தெரியவில்லை. முதல் கால் மணி நேரம் எனக்கு ஏமாற்றம்தான். "இவ்வளவுதானா?" என்றிருந்தது. படகோட்டி எஞ்சினைக் குறைத்து ஒரு கையைத் தூக்கிக் காட்டினார். பாறையில் ஒரு பச்சைத் திட்டு, கைக்குட்டை அளவு. அதில் ஒரு வெள்ளைப் புள்ளி. பறவை எச்சம் என்று நினைத்தேன். புள்ளி நகர்ந்தது. அது ஆடு. அந்த நொடியில் சுவர் மொத்தமும் விலுக்கென்று மேலே வளர்ந்தது, கழுத்து வலிக்கும் அளவுக்கு. கைக்குட்டை ஒரு மேய்ச்சல் நிலமானது. அதுவரை நான் பார்த்துக்கொண்டிருந்த பாறையை மனசு நாலில் ஒரு பங்காகச் சுருக்கி வைத்திருந்திருக்கிறது. அந்தத் திட்டுக்கு ஆட்டை எப்படிக் கொண்டுபோகிறீர்கள் என்று கேட்டதற்கு, படகில் கொண்டுவந்து கயிறு கட்டி ஏற்றுவோம் என்றார், மாட்டைச் சந்தைக்கு ஓட்டிப்போவதைச் சொல்லும் குரலில்.

குகைக்குள் நுழையும் முன் தலைக்கவசம் கொடுப்பார்கள். எனக்குக் கிடைத்ததில் வார் நனைந்து, ஈரக் கம்பளி வாசனை அடித்தது. உள்ளே வெளிச்சம் பச்சை. மேலே ஆயிரக்கணக்கான பறவைகள். கோடை என்பதால் பஃபின்கள் கூட்டமாகத் தண்ணீரில் இறங்கிக்கொண்டிருந்தன, குண்டு உடம்புக்குச் சிறகு போதாத மாதிரி படபடத்துக்கொண்டு. மலை மேலிருந்து பார்த்தால் பறவையின் முதுகு தெரியும். படகிலிருந்து அதன் வயிறு தெரியும். இதை யாரும் எனக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை.

கடலிலிருந்து தீவைப் பார்ப்பதுதான் அந்த மக்களின் பழைய பார்வை என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். கருவிகள் வருவதற்கு முன்னால் ஃபாரோ மீனவர்கள் இரண்டு மலைகளின் விளிம்பை ஒரே கோட்டில் சேர்த்து, வேறொரு பக்கம் இன்னும் இரண்டைச் சேர்த்து, கோடுகள் வெட்டும் இடத்தில் தூண்டில் போட்டார்கள். நம் கடற்கரையிலும் கோபுரத்தையும் பனையையும் மலை உச்சியையும் சேர்த்து இடம் பிடிப்பவர்கள் உண்டு. அவர்களுக்குத் தீவின் உருவம் அழகுக்கானதல்ல, விலாசம். கொஞ்சம் தள்ளி நின்றால் உருவம் மாறும், உருவம் மாறினால் மீன் இல்லை.

இன்னொன்றும் கடலில்தான் தெரியும். அந்தத் தீவுகளின் பாறை அடுக்குகள் பல இடங்களில் கிழக்கு பார்த்துச் சற்றே சாய்ந்தவை. மேற்கிலும் வடக்கிலும் அலை அரித்து அரித்துச் செங்குத்துச் சுவர்கள் நிற்கின்றன. வடக்குக் கோடியில் என்னிபெர்க் முனை 754 மீட்டர், உலகின் மிக உயர்ந்த கடலோரப் பாறைகளில் ஒன்று. கிழக்கே பெரும்பாலும் சரிவு, குடா, ஊர். தலைநகர் தோர்ஷவ்ன் இருப்பதும் கிழக்குக் கரையில்தான். டென்மார்க்கின் ஹிர்ட்ஸ்ஹால்ஸிலிருந்து நோரோனா கப்பலில் வருபவனுக்கு அது வீடுகளும் விளக்குகளும் உள்ள நாடு. மேற்கிலிருந்து வருபவனுக்கு அது கோட்டை. ஒரே நாளில், ஒரே வெளிச்சத்தில்.

படகின் கெடுதல்களையும் சொல்லிவிடுகிறேன். அலை இருந்தால் ரத்து. அலை கொஞ்சமாக இருந்தால் ரத்து இல்லை, ஆனால் வயிறு பேசும். மாத்திரையைக் கரையிலேயே போட்டுக்கொள்ளுங்கள், ஏறிய பிறகு பிரயோசனமில்லை.

நடுவே ஒரு சின்ன வழி விலகல், ஏனென்றால் காசதாலூரைச் சொல்லாமல் இந்த விஷயத்தைப் பேச முடியாது. வாகர் தீவின் மேற்குக் கோடியில் ஒரு கைப்பிடி வீடுகள். ஊருக்கு வெளியே ஒரு வளைவில் நின்றால் ஃபாரோவின் இரண்டாவது பிரபலமான படம் கிடைக்கும்: மூலாஃபோஸூர் அருவி நேராகக் கடலில் விழ, மேலே புல்கூரை வீடுகள், பின்னால் 722 மீட்டர் ஆர்னஃப்யாட்ல் மலை. உலகத்தின் கடைசி ஊர் என்று தோன்றும். பேருந்துகள் அங்கே நிற்கும், பத்து நிமிஷம், படம், புறப்பாடு.

நான் ஊருக்குள் போனேன். அங்கிருந்து அருவி தெரியாது! வைக்கோல் வயல் நடுவே ஒரு ஓடை ஓடுகிறது, நம் ஊர் வாய்க்கால் அகலம்தான். வேலி ஓரமாக வருகிறது, ஒரு பழைய பிளாஸ்டிக் வாளியைத் தாண்டுகிறது, அப்புறம் விளிம்பில் காணாமல் போகிறது. சத்தம்கூட அதிகமில்லை. ஊர்க்காரருக்கு அது ஓடை, நமக்குத்தான் அருவி. அவர்களுக்குக் கண் முன்னால் இருப்பது எதிரே கடலில் மிச்சினெஸ் தீவு, தலைக்கு மேலே மலை.

அந்த மலையைத் தாண்டித்தான் வெளியே போக வேண்டியிருந்தது. 1873 வரை ஊரில் இடுகாடு இல்லை. செத்தவரைத் தூக்கிக்கொண்டு மலை ஏறி இறங்கிப் பக்கத்து ஊரான போவூருக்குப் போனார்கள். வழியில் சவப்பெட்டியை இறக்கி வைத்த கல் இன்னமும் இருக்கிறது, "பிணக்கல்" என்றே பெயர். பின்னாளில் வாரம் மூன்று நாள் தபால்காரர் அதே பாதையில் நடந்தார். மலையைக் குடைந்து சாலை வந்தது இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில்தான். சுரங்கத்தில் காரில் வந்தால் இருட்டு, வெளிச்சம், ஊர், இரண்டு நிமிஷம். தபால்காரரின் பாதையில் ஏறி வந்தால் ஊர் காலடியில், கீழே, கடலின் ஓரத்தில் விழுந்துவிடுவது போல ஒட்டிக்கொண்டிருக்கும். அந்தப் பாதையில் ஏறும்போது எனக்கு மூச்சு வாங்கியது, கையில் இருந்தது ஒரு தண்ணீர் பாட்டில் மட்டும்.

போவூரிலிருந்து எதிரே தெரியும் டிந்தோல்மூர் தீவையும் ஒரு வரியில் சேர்த்துவிடலாம்: 262 மீட்டர், ஐந்து கூர்முனைகள், ஐந்துக்கும் தனித்தனிப் பெயர். ஒரு பக்கம் பார்த்தால் ஆடு மேயும் சரிவு, மறுபக்கம் வெட்டிவிட்ட மாதிரி நேர்ப்பாறை. எந்தப் பக்கத்துப் படம் என்று கேட்காமல் யார் சொல்வதையும் நம்பக்கூடாது.

ஹெலிகாப்டருக்கு வருவோம். தம்பிக்கு உள்ளூர ஆசை அதில்தான் என்பது எனக்குத் தெரியும். உலகத்தில் வேறெங்கும் ஹெலிகாப்டர் பணக்காரர் வாகனம். ஃபாரோவில் அது ஏறக்குறைய டவுன் பஸ். அட்லாண்டிக் ஏர்வேஸ் ஓட்டுகிறது, அரசு மானியம் தருகிறது, டிக்கெட் விலை நல்ல சாப்பாடு ஒன்றின் விலைக்குப் பக்கத்தில் வரும். ஸ்டோரா டிமுன் தீவில் இருப்பது ஒரே ஒரு பண்ணை, அவர்களுக்கு அதுதான் வாசல் கதவு. ஆகவே உள்ளூர்க்காரருக்கு இடம் போக மிச்சம்தான் நமக்கு, அதுவும் ஒருவழி மட்டும் எடுங்கள் என்று கேட்டுக்கொள்கிறார்கள். ஒரு பாட்டி மருத்துவரைப் பார்க்கப் போகும் இருக்கையில் நாம் படம் எடுக்க உட்காரக்கூடாது என்பது நியாயம்தானே.

மேலிருந்து என்ன தெரிகிறது? வரைபடம். கிளாக்ஸ்வீக்கிலிருந்து கிளம்பியதும் வடக்குத் தீவுகள் சீப்பின் பற்கள் மாதிரி வரிசையாக நிற்பது ஒரே பார்வையில் புரிந்தது. தரையில் மூன்று நாள் திரிந்தும் எனக்கு அது புரிந்திருக்கவில்லை. ஊர்கள் ஏன் அந்தந்தக் குடாவில் இருக்கின்றன, ஏன் அவற்றுக்கு நடுவே யாரும் இல்லை என்பதும் அப்போதுதான் விளங்கியது. விலை என்னவென்றால், எல்லாமே தட்டையாகிவிட்டது. நண்பகல் வெயிலில் அந்தப் படிக்கட்டு மலைகள் கசங்கிய பச்சைத் துணி. சாயங்கால வெயில் என்றால் நிழல் விழுந்து படிகள் எழும்பியிருக்கும், ஆனால் பஸ்ஸுக்கு அதன் நேரம். ஜன்னல் இருக்கையும் நம் கையில் இல்லை. ஆடு? அவ்வளவு உயரத்திலிருந்து ஆடு தெரிவதே இல்லை. அளவுகோல் போய்விட்டது.

ஆடு என்றதும் ஞாபகம் வருகிறது. 2016-இல் கூகுளின் தெருக்காட்சி (ஸ்ட்ரீட் வியூ) ஃபாரோவுக்கு வரவில்லை என்பதால், அங்கத்திய சுற்றுலாத் துறையைச் சேர்ந்த ஒருவர் ஆடுகளின் முதுகில் சுற்றுக் கேமராவைக் கட்டி மலையில் விட்டார். கூகுளும் பிறகு இறங்கிவந்து கருவி கொடுத்தது. அந்தப் படங்களில் அடிவானம் எப்போதும் சாய்ந்தே இருக்கும், கீழே பாதி முழுக்கக் கம்பளி, மேலே கொஞ்சம் மலை. சுற்றுலாப் படங்களைவிட அவை எனக்குப் பிடித்திருந்தன. நாள் முழுக்க அங்கேயே வாழ்பவர் பார்வை அல்லவா.

சரி, மூன்றையும் பக்கத்தில் வைத்தால் என் தீர்ப்பு என்ன?

ஏரி நடைக்குப் போட்டியே இல்லை, அவன் எப்படியும் போவான், போகட்டும், அருவி வரை இறங்கட்டும். மிச்சமிருக்கும் ஒரே டிக்கெட்டுக்கு ஹெலிகாப்டரைவிடப் படகைத்தான் சொல்வேன். ஹெலிகாப்டர் அந்த நாட்டைப் புரியவைக்கிறது. ஆனால் புரிந்துகொள்வதற்கு நல்ல வரைபடமும் ஒரு காப்பியும் போதும். அந்தச் சுவரின் அடியில் நின்று அண்ணாந்து பார்ப்பதற்கு மாற்று எதுவும் கிடையாது. எந்தப் படமும் அந்த ஆட்டை நகர்த்திக் காட்டாது. உயரத்தைப் பார்த்தால் தலை சுற்றுபவருக்கும் படகுதான் நல்லது. அலை ஒத்துக்கொள்ளாதவருக்கு மட்டும் வேறு கணக்கு.

நாலாவது நாள் ஒன்று இருந்திருந்தால் நான் சொல்லியிருக்கும் யோசனை வேறு: ஃபுக்லோய். வடகிழக்குக் கோடித் தீவு, இரண்டு குட்டி ஊர், முப்பது நாற்பது பேர். இப்படிப்பட்டவற்றைத் தலைநகரத்துக்காரர்கள் "வெளித்தீவுகள்" என்று சொல்கிறார்கள். கோபன்ஹேகனில் என் அலுவலகத்தில் ஃபாரோ முழுவதையுமே அப்படித்தான் பேசுகிறார்கள். ஹெலிகாப்டரில் ஒருவழி போய், ரீத்தன் என்ற சின்னக் கப்பலில் க்வன்னசுந்துக்குத் திரும்பலாம். நான் அப்படித்தான் செய்தேன். காலையில் மேலிருந்து பார்த்தபோது ஃபுக்லோய் ஒரு பச்சை இலை. சாயங்காலம் துறையில் நின்று, கப்பல் அலையில் ஏறி வரும் நொடிக்காகக் காத்திருந்து, ஒரு ஆள் கையைப் பிடித்து இழுக்க உள்ளே குதித்தபோது, அந்த இலை பின்னால் கறுப்பாக எழுந்து பாதி வானத்தை அடைத்துக்கொண்டிருந்தது. கப்பல் நகர நகர அது சுருங்கவில்லை. வெகு நேரம் அப்படியே நின்றது. பிறகு நான் சாண்ட்விச்சைப் பிரிக்கக் குனிந்து நிமிர்வதற்குள் சின்னதாகிவிட்டது.

தம்பி ஜூன் கடைசியில் போனான். ஏரிக்குப் போன நாள் வெயில். முனையிலிருந்து படம் அனுப்பினான், எல்லோரும் அனுப்பும் அதே படம். அருவிக்கு இறங்கினாயா என்று கேட்டேன், இறங்கினேன் என்றான், "அண்ணா, கடுப்பா இருந்துச்சு, ஏமாத்திட்டாங்க" என்று ஒரு சிரிப்பும் சேர்த்து.

படகுக்குப் போன நாள் மூடுபனி. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அங்கே இருந்த பிரிட்டிஷ் சிப்பாய்கள் அந்த நாட்டை "ஒருவேளை தேசம்" என்று அழைத்தார்களாம், ஒருவேளை கப்பல் வரும், ஒருவேளை வராது. படகு கிளம்பியது. பாறையின் அடிப்பகுதி பத்துப் பதினைந்து மீட்டர் மட்டும் தெரிந்திருக்கிறது, அதற்கு மேல் வெள்ளை. ஆடு தெரியவில்லை, அடுக்கு தெரியவில்லை. காசு திரும்பக் கேட்டிருக்க வேண்டியதுதானே என்று நான் குற்ற உணர்ச்சியோடு சொன்னேன்.

"இல்லண்ணா," என்றான். "எவ்வளவு உயரம்னே தெரியல. பறவைச் சத்தம் மட்டும் மேலேர்ந்து வந்துச்சு. இன்னும் மேலேர்ந்து வந்துச்சு. அதுக்கும் மேலேர்ந்து வந்துக்கிட்டே இருந்துச்சு."